உந்தா உண்டா

பகாவ் கடைத்தெருவில் எங்கள் குளிர்க்கிடங்கு.
பெயர்ப்பலகை மூன்று மொழியில்,
கரும்பலகை மட்டும் என் கையெழுத்தில்:
கோழி, ஆடு, பெட்டியில் வந்த எருமை.
ஹஜ்ஜுப் பெருநாளுக்குப் பத்து நாள் இருக்கையில்
கடைசி வரியில் ஒன்று சேர்த்தேன்:
டாகிங் உந்தா, கிலோ நாற்பத்திரண்டு வெள்ளி.

மலாயில் ஒட்டகம் உந்தா.
"உந்தா உண்டா?" என்று கேட்டுவிட்டுத்
தானே சிரித்துக்கொள்வார்
செம்பனை லாரி ஓட்டும் மாசிலாமணி.
தினமும் கேட்பார்.
ஒரு நாளும் வாங்கியதில்லை.

நான் ஒட்டகத்தைப் பார்த்ததில்லை,
அதன் விலைப்பட்டியலைப் பார்த்திருக்கிறேன்.
ஆஸ்திரேலியாவிலிருந்து மாதம் ஒரு தாள்:
முன்தொடை, பின்தொடை,
எலும்போடு, எலும்பில்லாமல்,
திமில் தனி.
பாலைவனத்தில் அதுதான் அதன் சேமிப்பாம்;
தாளில் அதற்குத்தான் விலை குறைவு.
கிழட்டு மிருகம் அரைவைக்கு.
கன்றின் கறி இளசு, கூடப் பணம்.

அந்தத் துறைமுகத்தில் ஐந்து டாலர் இருபது.
வெள்ளிக்கு மாற்றினால் இருபத்திரண்டு எண்பத்தெட்டு.
கடல் கூலி ஏறும்.
கிள்ளானில் இறக்குகூலி,
கால்நடை இலாகா முத்திரை, ஹலால் சான்றிதழின் நகல்,
சிரம்பான் வரை ஒரு குளிர் லாரி,
அங்கிருந்து இங்கே இன்னொன்று.
முழுக் கொள்கலன் எடுக்க எங்களுக்கு வக்கில்லை,
வேறொருவர் பெட்டியில் ஒரு மூலை எங்களுடையது.
பிறகு கரண்ட் பில். பிறகு நான்.
முதலாளி சையது மீரான்
கால்குலேட்டரை இரண்டு தடவை தட்டினார்.
"நாப்பது போட்டா நட்டம்,
நாப்பத்தஞ்சு போட்டா பாவம்."
நாற்பத்திரண்டில் நின்றது.

சம்பள ஞாயிறு, மதியம் மூன்று.
தோட்டத்து வங்காளதேசப் பையன்கள்
கோழிக்கழுத்துக்கு வரிசை நிற்க,
பையன் என்று சொல்ல முடியாத ஒருவன்
கரும்பலகையையே பார்த்துக்கொண்டிருந்தான்.
ரொபிகுல். குலை அறுக்கிறவன்.
முன்பல் இரண்டு இல்லை.
"இது கன்றா, கிழடா?" என்றான் மலாயில்.
"அது பெட்டியில் போடவில்லை" என்றேன்.

வண்டிச்சத்தம் அடங்கக் காத்திருந்து சொன்னான்:
ஆறு வயதில் அவனை வளைகுடாவுக்குக் கொண்டுபோனார்களாம்.
பந்தய ஒட்டகத்தின் முதுகில் கட்டிவைத்து ஓட்டுவார்களாம்.
பதினேழு கிலோ இருந்தானாம்.
"இருபது தாண்டினால் என்னை யாரும் எடுக்க மாட்டார்கள்.
அதனால் ராத்திரிச் சாப்பாடு கிடையாது.
ஒட்டகத்துக்குத் தேனும் பேரீச்சையும் கொடுப்பார்கள்."
சொல்லிவிட்டுச் சிரித்தான்,
மாசிலாமணியின் சிரிப்பு மாதிரி இல்லை.

பன்னிரண்டு வருஷமாகக் கணக்கு எழுதுகிறேன்.
எடை ஏறினால் விலை ஏறும்.
தராசு இறங்க இறங்க விலை ஏறுகிற சரக்கை
எந்தப் பத்தியில் எழுதுவது?

பெட்டிகள் நிறுக்கும் தரைத் தராசைக் காட்டி
"ஏறிப் பார்க்கலாமா?" என்றான்.
ஏறினான்.
செருப்பைக் கழற்றிவிட்டுத்தான்.
ஐம்பத்தொன்று புள்ளி நான்கு.
காலையில் நான் பதித்த விலையை அழிக்க மறந்திருந்தேன்.
எந்திரத்துக்கு என்ன தெரியும்,
பெருக்கிக் காட்டியது சிவப்பு எழுத்தில்:
இரண்டாயிரத்து நூற்று ஐம்பத்தெட்டு வெள்ளி எண்பது காசு.
அவன் மாதச் சம்பளத்தைவிட நானூறு சொச்சம் கூடுதல்.

எட்டிப் பொத்தானை அமுக்கினேன்.
பார்த்தானா, தெரியவில்லை.
இறங்கி, செருப்பை மாட்டி,
அரைக் கிலோ கோழி ஈரல் கேட்டான்.
நிறுத்தேன்.
முள் கொஞ்சம் கூடப் போனது, விட்டுவிட்டேன்.
சில்லறையாகக் கொடுத்தான். எண்ணினேன்,
பத்துக் காசு அதிகம் இருந்தது.
கூப்பிட்டேன். திரும்பவில்லை.

சாயங்காலம் மாசிலாமணி வந்தார்.
"உந்தா உண்டா?"
"உண்டு" என்றேன்.
அவர் சிரிக்கக் காத்திருந்தார்.
நான் பலகையைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.